எந்த ஊர்க் கோர்ட் என்று கேட்ட ரங்கநாயகியம்மா

செய்தி வந்தபோது நான் அவருக்காகத்தான் காத்திருந்தேன். கோயம்புத்தூர் குடும்ப நீதிமன்றத்தில் அன்று எங்கள் இருவருக்கும் ஒரு வழக்கு. வழக்கம்போல நான் கணவன் தரப்பு, அவர் மனைவி தரப்பு. எப்போதும் எனக்கு முன்னால் வந்து, வராந்தாவின் கடைசிப் பெஞ்சைப் பிடித்து, கட்சிக்காரப் பெண்ணோடு பேசிக்கொண்டிருப்பவரை அன்று காணோம். இன்றைக்காவது முந்திவிட்டோமே என்று அற்ப சந்தோஷம்கூடப் பட்டேன். அப்போதுதான் அவருடைய மகள் வசுந்தரா போனில் அழைத்தார்.

“அங்கிள், அம்மா போயிட்டாங்க. காப்பி குடிச்சுட்டு, இன்னைக்கு எதிர்க்கட்சியை ஒரு கை பாத்துப்போடோணும்னு சொல்லிட்டே உக்காந்தாங்க. அப்படியே சாஞ்சுட்டாங்க.”

அந்த எதிர்க்கட்சி நான்தான். என்னுடைய பெயர் அவருக்கு நன்றாகவே தெரியும். ஆனால் பழகிய இத்தனை வருடங்களில் ஒரு நாளும் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. கோர்ட்டில் அனல் பறக்க வாதாடிவிட்டு வெளியே வந்ததும், “ஏனுங்க எதிர்க்கட்சி, சாப்பிட்டாச்சுங்களா?” என்பார். பதில் எதுவானாலும் டிபன் பாக்ஸின் ஒரு தட்டு என் பக்கம் நகரும்.

எங்கள் வழக்கை அழைத்தார்கள். எதிர்மனுதாரர் வக்கீல் எங்கே என்று நீதிபதி கேட்டார். அவர் சார்பில் நான் எழுந்து நின்று சொன்னேன். அவருக்காக நான் கோர்ட்டில் வாய் திறந்தது அதுதான் முதல் முறை.

வழக்கறிஞர் ரங்கநாயகி அம்மையாரைத் தெரிந்தவர்களுக்கு இந்தக் கட்டுரை தேவையில்லை. தெரியாதவர்களுக்காக எழுதுகிறேன். பொள்ளாச்சிப் பக்கம் தெலுங்கு பேசும் விவசாயக் குடும்பத்தில் வாழ்க்கைப்பட்டவர். கணவர் காலமானதும் மகளை அழைத்துக்கொண்டு காந்திபுரத்துக்குக் குடிவந்து, பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் ஒரு மாடி வீட்டில் வீடும் ஆபீசும் சேர்த்து நடத்தியவர். ஜவுளிக்கடைகளின் கூச்சலுக்கும் டவுன் பஸ்களின் ஹாரனுக்கும் நடுவில் அங்கே எப்படித்தான் வழக்குப் படித்தாரோ! “வெளியூர்ல இருந்து வாரவங்க பஸ்ஸை விட்டு எறங்குனதும் நம்ம போர்டு தெரியோணுமுங்க. அழுதுட்டு வாரவங்களைத் தெருத்தெருவா அலைய உடலாமுங்களா?” என்பார்.

நான் அவரை முதன்முதலில் சந்தித்தது எதிர்த்தரப்பில்தான். இளம் வக்கீல் நான். அவரும் தொழிலுக்கு வந்து அதிக காலம் ஆகவில்லை. என் கட்சிக்காரர் இந்த ஊரில் மணவிலக்கு கேட்டு மனுப் போட்டிருந்தார். பெண் திருநெல்வேலிப் பக்கம். கொடுமை, குடும்பத் தகராறு என்று பக்கம் பக்கமாக நான் எழுதி வைத்திருந்ததை ரங்கநாயகியம்மா தொடவே இல்லை. எழுந்ததும் ஒரே கேள்விதான் கேட்டார். “இந்த வழக்கை எந்த ஊர்க் கோர்ட் கேக்கோணுங்கறதைப் பேசிட்டு மத்ததைப் பேசலாமுங்களா?”

படிக்கிறவர்களுக்காக ஒரு விளக்கம். மணவிலக்கு மனுவை நினைத்த ஊரில் போட முடியாது. கல்யாணம் நடந்த ஊரில் போடலாம். யார்மேல் மனுவோ அவர் வசிக்கும் ஊரில் போடலாம். இருவரும் கடைசியாகச் சேர்ந்து குடியிருந்த ஊரில் போடலாம். புருஷன் ஓர் ஊரில், பெண்சாதி ஓர் ஊரில் என்று ஆகிவிட்ட குடும்பங்களில் இதுவே பாதி வழக்கு. ஏனென்றால் எந்த ஊரில் வழக்கு நடக்கிறதோ அந்த ஊருக்கு யாரோ ஒருவர் கைக்குழந்தையைத் தூக்கிக்கொண்டு, லீவு கேட்டுக்கொண்டு, வாய்தாவுக்கு வாய்தா பஸ் ஏற வேண்டும். வராவிட்டால் ஒருதலைத் தீர்ப்பு. எங்களில் பலருக்கு இது மனுவின் முதல் பக்கத்தில் நிரப்ப வேண்டிய ஒரு பத்தி. அவருக்கு அதுதான் வழக்கின் உயிர். அந்தத் திருநெல்வேலி வழக்கில் நான் தோற்றேன். வெளியே வந்ததும், “எதிர்க்கட்சி சாப்பிட்டாச்சுங்களா?” என்றார். அன்றைக்கு இருந்த கோபத்தில், “இன்னும் இல்லை” என்றேன். அரிசிம்பருப்புச் சாதம் வந்தது. கோபத்தோடேயே சாப்பிட்டேன், நன்றாக இருந்தது.

பிறகு சட்டம் திருத்தப்பட்டது. மனுப் போடுகிறவர் மனைவியாக இருந்தால் தான் வசிக்கும் ஊரிலேயே போடலாம் என்று வந்தது. அன்று ரங்கநாயகியம்மா மைசூர்பாகு டப்பாக்களோடு வந்து, வக்கீல்கள், குமாஸ்தாக்கள், டீக்கடைக்காரர் என்று ஒருவர் பாக்கியில்லாமல் கொடுத்தார். பேரன் பேத்தி ஏதாவது பிறந்திருக்கிறதா என்று ஒரு பெரியவர் கேட்டார். “இல்லீங்க, பொம்பளைக்குன்னு ஒரு ஊரு பொறந்திருக்குதுங்க” என்றார். எனக்கு மட்டும் இரண்டாவது துண்டும் கிடைத்தது. கணவன் தரப்புக்கு ஆறுதல் பரிசாம்.

ஆனால் அவரை முழுசாக நான் பார்த்தது ஓசூர் வழக்கில்தான். சம்பந்தப்பட்டவர்கள் நம் ஊர்க்காரர்கள் என்பதால் அந்தப் பெண்ணைக் கவிதா என்று வைத்துக்கொள்வோம்.

என் கட்சிக்காரர் சோமனூரில் விசைத்தறி வைத்திருக்கும் குடும்பத்துப் பையன். கவிதாவுக்கு அம்மா வீடு சரவணம்பட்டி. அங்கேயே ஒரு கம்பெனியில் வேலை. தை மாதம் சோமனூரில் கல்யாணம். மாமனார் மாமியாரோடு அங்கேயே குடித்தனம். பையனுக்கு ஓசூரில் ஒரு தொழிற்சாலையில் வேலை கிடைத்து, அங்கே வாடகைக்கு வீடு பார்த்தார்கள். அதற்குப் பிறகு என்ன நடந்தது என்பதில்தான் இரண்டு கதைகள். ஓசூர் வீட்டில் மனைவி தன்னோடு சில மாதம் குடும்பம் நடத்திவிட்டு, சொல்லாமல் கொள்ளாமல் போய்விட்டாள் என்பது பையனின் கதை. அந்த வீட்டில் தான் ஒரு நாள்கூடக் குடியிருக்கவில்லை என்பது கவிதாவின் கதை. கைவிட்டுப் போனாள் என்று சொல்லி நாங்கள் ஓசூர் கோர்ட்டில் மணவிலக்கு கேட்டோம். கடைசியாகச் சேர்ந்து குடியிருந்த ஊர் அதுதான் என்பது எங்கள் கணக்கு.

அதற்கு என்னிடம் ஒரு புகைப்படம் இருந்தது. ஓசூர் வீட்டில் பால் காய்ச்சியபோது எடுத்தது. அடுப்பில் பால் பொங்குகிறது. பக்கத்தில் மாலையோடு மாப்பிள்ளை. அவரை ஒட்டிக் கவிதா. சுற்றிலும் சொந்தபந்தம், எல்லார் வாயிலும் பல். இதற்கு மேல் என்ன அத்தாட்சி வேண்டும்! பால் காய்ச்சிய வீட்டில் குடியில்லை என்று எந்த மகராசி சொல்லப்போகிறாள் என்று எனக்குள் பெருமை பொங்கிக்கொண்டிருந்தது.

முதல் வாய்தாவுக்குக் கவிதா கைக்குழந்தையோடு வந்திருந்தார். கோர்ட் வாசலில் வேப்பமரத்தடியில் குழந்தைக்குப் புட்டிப்பால் கொடுத்துக்கொண்டிருந்ததைப் பார்த்தபோது எனக்கும் ஒரு மாதிரியாக இருந்தது. ரங்கநாயகியம்மாவைத் தனியாகக் கூப்பிட்டுச் சொன்னேன். “அம்மா, கைக்குழந்தை இருக்குது, வேலை இருக்குதுன்னு ஹைகோர்ட்ல மாற்றல் மனுப் போடுங்க. கோயம்புத்தூருக்கு மாத்திக் குடுத்துருவாங்க. நானும் பெருசா எதிர்க்க மாட்டேன்.”

அவர் சிரித்தார். “எதிர்க்கட்சிக்கு நல்ல மனசுங்க. ஆனா மாத்திக் குடுங்கன்னு கேட்டா என்ன அர்த்தமுங்க? ஓசூர்ல குடியிருந்தது நெசம், வந்து போகத்தான் சிரமம்னு ஆயிப்போகுமுல்லீங்க? குடியிருந்தவதான் போட்டுட்டு ஓட முடியும். குடியே வராதவ எங்கிருந்துங்க ஓடுவா? பிரியறது வேறீங்க, ஓடிப்போனவன்னு பேர் வாங்கறது வேறீங்க. அந்தப் பேரை அந்தக் கொழந்தைகூடச் சொமக்கோணும். நான் எரக்கம் கேக்க வரலீங்க. இது இந்தக் கோர்ட் கேக்குற வழக்கே இல்லைன்னு சொல்ல வந்திருக்கறேன்.”

பக்கத்தில் நின்ற கவிதா, “தோத்துட்டா, மேடம்?” என்றார்.

“தோத்தா ஒவ்வொரு வாய்தாவுக்கும் நான் உன்ர கூட பஸ்ஸுல வாரேன் அம்மணி. கொழந்தையை நான் பாத்துக்கறேன், வாதத்தை நீ பாத்துக்க.” கவிதா கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்துவிட்டார்.

கோர்ட்டின் அதிகார வரம்பை முதலில் விசாரிப்பது என்று நீதிபதி முடிவு செய்தார். நான் என் கட்சிக்காரரைக் கூண்டில் ஏற்றி, புகைப்படத்தைத் தாக்கல் செய்து, பெருமையாக உட்கார்ந்தேன். ரங்கநாயகியம்மா குறுக்கு விசாரணைக்கு எழுந்தார். குரலை உயர்த்தவே இல்லை. சொந்தக்காரப் பையனை விசாரிப்பதுபோலத்தான் ஆரம்பித்தார்.

“ஏனுங்க தம்பி, படம் நல்லாருக்குதுங்க. உங்க பெண்சாதி தோள்ல மாட்டியிருக்கறது என்னங்க?”

பையன் படத்தை வாங்கிப் பார்த்தார். “பைங்க.”

“கைப்பைங்களா?”

“ஆமாங்க.”

“குடித்தனம் நடத்த வந்த பொண்ணு, பால் காய்ச்சறப்பக்கூடப் பையைக் கழட்டி வெக்காம நிப்பாளுங்களா?”

கோர்ட்டில் சிரிப்பு எழுந்தது. நான் எழுந்து ஆட்சேபித்தேன். பையை வைத்துக் குடியிருப்பைத் தீர்மானிக்க முடியாது என்றேன். “எதிர்க்கட்சி சொல்றது சரிங்க, பையை உட்டுர்றேன்” என்று உடனே விட்டுவிட்டார். அந்தப் படத்தை எத்தனையோ தடவை பார்த்தவன் நான். அந்தப் பை அன்றைக்குத்தான் என் கண்ணில் பட்டது.

“பால் காய்ச்சுனது எந்த மாசமுங்க?”

“ஆனி கடைசிங்க.”

“அப்பத்தான் வேலைக்குச் சேந்தீங்களா?”

“இல்லீங்க, வேலை அப்பறம்தானுங்க. ஆடி பொறந்துட்டா பால் காய்ச்சக் கூடாது, இப்பவே காய்ச்சி வெச்சுப்போடலாம்னு அப்பா சொன்னாருங்க.”

“உங்கப்பா சொன்னது ஞாயந்தானுங்க. நாங்களும் அப்படித்தான் செய்வோம். சரி, ஆனி முடிஞ்சு ஆடி வந்துருச்சு. கல்யாணமாகி வார மொத ஆடி. நம்ம பக்கத்துல புதுப்பொண்ணு ஆடியில எங்கீங்க இருப்பா?”

பையன் என்னைப் பார்த்தார். நான் மேஜையைப் பார்த்தேன்.

“அவங்கம்மா ஊட்லங்க. ஆடி நோம்பிக்கு அவங்க வந்து கூட்டிட்டுப் போயிட்டாங்க.”

“சோமனூர்ல இருந்துங்களா, ஓசூர்ல இருந்துங்களா?”

பையன் மெதுவாகச் சொன்னார். “சோமனூர்ல இருந்துதானுங்க. பால் காய்ச்சுன அன்னைக்கே எல்லாரும் வேன்ல திரும்பிட்டோமுங்க.”

“ஆடி முடிஞ்சு ஓசூருக்கு எப்பக் கூட்டிட்டுப் போனீங்க?”

பையன் கையிலிருந்த படத்தைக் கூண்டின் விளிம்பில் வைத்தார். “ஆவணியில கூப்பிட்டேனுங்க. அதுக்குள்ள ரெண்டு ஊட்டுக்கும் சண்டை வந்துருச்சு. வரலீங்க.”

“அவ்வளவுதானுங்க” என்று ரங்கநாயகியம்மா நீதிபதியை வணங்கி உட்கார்ந்தார்.

ஆடிக்கு முன் நல்ல நாளில் பாலைக் காய்ச்சி வைத்துவிட்டு, ஆற அமரக் குடிபோவது நம் பக்கத்து வழக்கம். என் வீட்டிலேயே அப்படித்தான் நடந்திருக்கிறது. பெண்ணை ஆடிக்கு அழைப்பதும் நான் அறியாததல்ல. என் மனைவி போயிருக்கிறார். இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்க எனக்குத் தோன்றவில்லை. அவருக்குத் தோன்றியது. ஓசூரில் மனுவைக் கேட்க அதிகாரம் இல்லை, உரிய கோர்ட்டில் தாக்கல் செய்யத் திருப்பித் தரப்படுகிறது என்று உத்தரவு வந்தது. சேர்ந்து குடியிருந்தது சோமனூரில்தான் என்று அதிலேயே எழுதப்பட்டதால், ஓசூரிலிருந்து ஓடிப்போனாள் என்ற கதைக்கு நிற்கவும் இடமில்லை, உட்காரவும் இடமில்லை.

உத்தரவைக் கேட்டதும் கவிதா அழவில்லை. குழந்தையை ஒரு தடவை தலைக்கு மேலே தூக்கி இறக்கினார். கோர்ட் என்பதைக்கூட மறந்து, “சரவணம்பட்டிக்குப் போலாமா கண்ணு!” என்று சத்தமாகச் சொன்னார். கோர்ட் டவாலிச் சேவகர் முறைத்தார். நீதிபதி பார்க்காததுபோல அடுத்த வழக்கை அழைத்தார்.

திரும்பி வரும்போது எல்லோரும் ஒரே பஸ். சேலம் தாண்டுகிறவரை நான் முகம் கொடுக்கவில்லை. முன் சீட்டிலிருந்து டிபன் பாக்ஸ் நீண்டது. “எதிர்க்கட்சி சாப்பிட்டாச்சுங்களா?” கூடவே கவிதாவின் குழந்தையும் என் மடிக்கு வந்து சேர்ந்தது. தோற்ற வக்கீல் ஒருவர் வென்ற கட்சியின் குழந்தையை மடியில் வைத்துக்கொண்டு அரிசிம்பருப்புச் சாதம் சாப்பிட்டது இந்த மாவட்டத்தில் என்னால்தான் நடந்திருக்கும்.

நாங்கள் மேல்முறையீடு போகவில்லை. வழக்கு கோயம்புத்தூருக்கு வந்ததும், இருவரும் மனமொத்துப் பிரிந்தார்கள். கைவிட்டாள், ஓடினாள் என்ற வார்த்தை எந்தக் காகிதத்திலும் இல்லை. என் கட்சிக்காரர் பின்னர் என்னிடம், “அந்தம்மா கேட்டதுல ஒண்ணுகூடப் பொய் இல்லீங்க சார். எனக்கே மனசு லேசாயிருச்சு” என்றார். இப்போது குழந்தையைப் பார்க்க மாதாமாதம் சரவணம்பட்டிக்கு வந்து போகிறார்.

காலம் மாறிப் பலர் செல்போன் திரையிலேயே கோர்ட்டில் ஆஜராகிற நாளும் வந்தது. இனி எந்த ஊர் என்ற கேள்வியே இருக்காதே, உங்களுக்குப் பிழைப்பு போச்சே என்று அவரைச் சீண்டினேன். “திரையில மூஞ்சி தெரியுமுங்க எதிர்க்கட்சி. பை தெரியுமுங்களா?” என்றார்.

இனி அவருடைய கடைசி வழக்கு. காந்திபுரம் வீட்டில் அவரைக் கிடத்தியிருந்தார்கள். மாடிப்படியெல்லாம் பெண்கள். பொள்ளாச்சிப் பக்கத்திலிருந்து அவருடைய கொழுந்தனார் ஒரு வேன் நிறையச் சொந்தங்களோடு வந்து இறங்கினார். தங்கமான மனுஷர். வந்ததும் வராததுமாகக் கண்ணீரோடு சொன்னார். “எங்க ஊட்டு மருமகளுங்க. எங்கண்ணனை வெச்ச தோட்டத்துலதான் அண்ணியையும் வெக்கோணும். வண்டி சொல்லிட்டேன்.”

வசுந்தரா மறுத்தார். “சித்தப்பா, அம்மா இங்கதான் வாழ்ந்தாங்க. பாருங்க, இவங்கெல்லாம் வேலைக்கு லீவு சொல்லிட்டு வந்திருக்காங்க. பொள்ளாச்சி வரைக்கும் இத்தனை பேரு எப்படி வருவாங்க?”

பேச்சு தடித்தது. உறவுக்காரர்கள் இரண்டாகப் பிரிந்தார்கள். அம்மாவைக் கிடத்திவிட்டு இப்படிப் பேச வேண்டியிருக்கிறதே என்று வசுந்தரா உடைந்து அழுதார். அப்புறம் சட்டென்று என் பக்கம் திரும்பினார். “அங்கிள், நீங்க சொல்லுங்க. அம்மாவுக்காக நீங்க பேசுங்க.”

என்ன கொடுமை பாருங்கள்! காலமெல்லாம் எதிர்த்து நின்றவனிடம் வக்காலத்து வந்து சேர்ந்தது. நான் கொழுந்தனாரின் பக்கத்தில் போய் உட்கார்ந்து அவருடைய கையைப் பிடித்துக்கொண்டேன்.

“ஏனுங்க, அம்மா கடைசியா உங்க ஊருக்கு எப்ப வந்தாங்க?”

“இந்தப் பொங்கலுக்கு வந்தாங்களேங்க.”

“தங்குனாங்களா?”

“எங்கீங்க! கட்சிக்காரப் பொண்ணு ஒண்ணு அழுதுட்டு வருதுன்னு மத்தியானமே கெளம்பிட்டாங்க.”

“கைப்பையைக் கழட்டி வெச்சாங்களா?”

அவர் என்னை ஒரு கணம் பார்த்தார். அழுதுகொண்டிருந்த முகத்தில் சிரிப்பு வந்துவிட்டது. “இல்லீங்க. தோள்ல மாட்டிட்டே நின்னுட்டுத்தான் பொங்கல் தின்னாங்க. உக்காருங்க அண்ணின்னு நாங்க கத்தறோம்…” துண்டால் முகத்தை மூடிக்கொண்டு அழுதார். பிறகு எழுந்து, வண்டிக்காரரிடம் பொள்ளாச்சி வேண்டாம், இங்கேயே மின்மயானம் என்று அவரே சொன்னார். வசுந்தரா ஓடிவந்து சித்தப்பாவைக் கட்டிக்கொண்டார். சாவு வீட்டில் ஒருவன் வெற்றிப் பெருமிதத்தோடு நிற்கலாமா என்று தெரியவில்லை. நான் நின்றேன்.

மயானத்துக்குப் பெண்கள் வருவது நம் பக்கத்தில் வழக்கமில்லை. அன்று வந்தார்கள். எங்கெங்கோ போயிருக்க வேண்டிய வழக்குகளை இந்த ஊருக்குக் கொண்டுவந்து ஜெயித்தவர்கள். மில் வேலை, கம்பெனி வேலை, பள்ளிக்கூட வேலை என்று வேலைக்கு நடுவில் வந்தவர்கள். வாசலில் வண்டி நின்றதும் கவிதா முன்னால் வந்தார். தோளிலிருந்த பையைக் கழற்றித் தரையில் வைத்துவிட்டுக் கைகூப்பினார். பின்னால் நின்ற பெண்கள் ஒவ்வொருவராகத் தங்கள் பைகளைக் கழற்றிக் கீழே வைத்தார்கள். யாரும் யாருக்கும் சொல்லவில்லை.

எல்லாம் முடிந்து வெளியே வந்தபோது கவிதா என்னிடம் வந்தார். “சாப்பிட்டாச்சுங்களா சார்?” என்றார். அதுவரை தாக்குப்பிடித்தவன் அங்கேதான் அழுதேன்.

ரங்கநாயகியம்மா, போய் வாருங்கள். உங்களிடம் தோற்றதில் எனக்கு வருத்தமே இல்லை. ஊரே கேட்க நான் சொல்லிக்கொள்ளும் பெருமை அது. ஓசூர் உத்தரவுக்கு மேல்முறையீடு வேண்டாம் என்று கட்சிக்காரருக்குச் சொன்னவன் நான். உங்களை அழைத்துக்கொண்ட இந்த ஒரு தீர்ப்புக்கு மட்டும் மேல்முறையீடு போக வேண்டும்போல இருக்கிறது. எந்த ஊர்க் கோர்ட்டில் போடுவது என்றுதான் தெரியவில்லை. அதைத் தெரிந்தவர் நம் ஊரில் நீங்கள் ஒருவர்தான் இருந்தீர்கள்.